‘கலைமணி’ என்ற பெயருக்குள் மறைந்திருந்தவர்: திரைக்கதாசிரியர் கொத்தமங்கலம் சுப்புவின் வாழ்க்கை

தீபாவளி விடுமுறையில் தொலைக்காட்சியில் ‘தில்லானா மோகனாம்பாள்’ ஓடினால் வீட்டில் யாரும் எழுந்து போவதில்லை. சிக்கல் சண்முகசுந்தரமாக சிவாஜி நாதஸ்வரத்தைக் கையில் எடுப்பதும், பத்மினி சலங்கை கட்டி நிற்பதும், நாகேஷ் வைத்தியாகக் குழைந்து குழைந்து பேசுவதும், மனோரமா ஜில் ஜில் ரமாமணியாக வந்து சிரிக்க வைப்பதும் ஜொகூரின் தோட்டப்புறத்தில் மூன்று தலைமுறைக்கு மனப்பாடம். இயக்குநர் ஏ.பி.நாகராஜனின் பெயரைச் சொல்பவர்களும் உண்டு. ஆனால், இந்தக் கதை யாருடையது என்று கேட்டால் பெரும்பாலோர் யோசிப்பார்கள்.

அந்தக் கதையை எழுதியவர் கொத்தமங்கலம் சுப்பு. ஆனந்த விகடனில் அது தொடராக வந்தபோது அவர் தம் பெயரைப் போடவில்லை. ‘கலைமணி’ என்ற புனைபெயரில் எழுதினார். வாரந்தோறும் விகடனுக்காகக் காத்திருந்த வாசகர்களில் பலருக்கு, சினிமாவில் தாங்கள் பார்த்த சுப்புவும் கலைமணியும் ஒருவரே என்பது நெடுநாள் தெரியாது.

நடிகர், பாடலாசிரியர், வசனகர்த்தா, கதாசிரியர், இயக்குநர், வில்லுப்பாட்டுக் கலைஞர், நாவலாசிரியர் என்று ஏழு வேலைகளைச் செய்த மனிதர் அவர். அவற்றில் பெரும்பகுதியை ஒரே நிறுவனத்துக்காக, ஒரே முதலாளிக்காகச் செய்தார். அதனால் அவருக்குக் கிடைத்தது எவ்வளவு, அவர் இழந்தது எவ்வளவு என்பது இன்றும் யோசிக்க வேண்டிய கேள்வி.

எட்டாம் வகுப்போடு நின்ற படிப்பு

சுப்பிரமணியன் என்பது இயற்பெயர். 1910 நவம்பர் 10-ஆம் தேதி பட்டுக்கோட்டைப் பக்கமுள்ள கன்னாரியேந்தல் என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை மகாலிங்க ஐயர். சிறு வயதிலேயே தாயை இழந்தவர். பள்ளிப் படிப்பு எட்டாம் வகுப்போடு முடிந்துவிட்டது.

வயிற்றுப்பாட்டுக்காக அவர் போய்ச் சேர்ந்த இடம் செட்டிநாட்டுக் கொத்தமங்கலம். அங்கே கணக்கு எழுதும் வேலை. பர்மா, மலாயா, இலங்கை என்று கடல் கடந்து கொண்டுவிற்கப் போன நகரத்தார்களின் பணம் ஊருக்குத் திரும்பி வந்து, அரண்மனை போன்ற வீடுகளாகவும் கோயில் திருப்பணிகளாகவும் மாறிக்கொண்டிருந்த காலம் அது. மலாயாவில் ரப்பர் தோட்டம் போடவும் கடை வைக்கவும் வட்டிக்குப் பணம் கொடுத்த கிட்டங்கிகளின் சொந்த ஊர்கள் அவை. அங்கே பணம் இருந்த அளவுக்குக் கலைக்கும் இடம் இருந்தது. கோயில் திருவிழாக்களில் நாதஸ்வரக் கச்சேரி, சதிர், நாடகம், கூத்து எல்லாம் நடக்கும்.

கணக்குப்பிள்ளை சுப்பு பகலில் பேரேட்டில் எழுதினார். இரவில் நாடக மேடை ஏறினார். பாட்டுக் கட்டுவதும் நடிப்பதும் அவருக்கு யாரும் சொல்லிக் கொடுத்து வந்ததல்ல. வயல்வெளிப் பாட்டு, தெம்மாங்கு, கும்மி, ஒப்பாரி என்று காதில் விழுந்ததெல்லாம் அவருக்குள் தங்கியது. எட்டாம் வகுப்பு படித்த ஒருவர் பின்னாளில் பட்டதாரிகள் நிறைந்த ஓர் எழுத்துக் குழுவில் தனித்து நின்றதற்கு இதுவே காரணம். அவர்கள் புத்தகத்தில் படித்த தமிழை, இவர் ஊரில் கேட்டு வளர்ந்திருந்தார்.

பிறந்த ஊரின் பெயரை அவர் சூட்டிக்கொள்ளவில்லை. வேலை கொடுத்து, மேடையும் கொடுத்த ஊரின் பெயரே கடைசி வரை அவருக்கு முன்னால் நின்றது.

பேசும் படம் அழைத்தது

தமிழில் பேசும் படம் 1931-இல் தொடங்கியது. அடுத்த சில ஆண்டுகளில் நாடக மேடையில் இருந்தவர்கள் கூட்டம் கூட்டமாக சினிமாவுக்குப் போனார்கள். பாடத் தெரியவேண்டும், உரக்கப் பேசத் தெரியவேண்டும். இரண்டும் தெரிந்த சுப்புவும் 1930-களின் நடுவில் அந்தப் பாதையில் நடந்தார்.

எம்.கே.ராதா நடித்த ‘அநாதைப் பெண்’ (1938), இயக்குநர் கே.சுப்பிரமணியத்தின் ‘பக்த சேதா’ (1940) ஆகியவை அவர் ஆரம்பத்தில் நடித்த படங்களில் சில. ‘சுகுண சரசா’வில் (1939) அவருடன் நடித்த எம்.எஸ்.சுந்தரிபாய், பின்னர் அவருடைய வாழ்க்கைத் துணையானார். கறாரான மாமியாராகவும் வாய்த்துடுக்கான பெண்ணாகவும் பிற்காலப் படங்களில் சுந்தரிபாயைப் பார்த்தவர்களுக்கு அவரை எளிதில் மறக்க முடியாது.

அந்தக் காலத்தில் கே.சுப்பிரமணியம் பெரிய பெயர். ‘தியாக பூமி’, ‘சேவாசதனம்’ போன்ற படங்களால் சமூகச் சீர்திருத்தத்தைத் திரைக்குக் கொண்டுவந்தவர். அவருடைய படப்பிடிப்புத் தளம் மதராஸ் மவுண்ட் ரோட்டில் இருந்தது. அங்கே தீ விபத்து ஏற்பட்டு, தளம் ஏலத்துக்கு வந்தது. ஏலத்தில் எடுத்தவர் ஆனந்த விகடன் ஆசிரியர் எஸ்.எஸ்.வாசன். அதற்கு ஜெமினி ஸ்டூடியோ என்று பெயர் வைத்தார்.

இடம் கைமாறியபோது, அங்கிருந்த சிலரும் புதிய முதலாளியோடு சேர்ந்துகொண்டார்கள். சுப்பு அவர்களில் ஒருவர். அதன்பின் ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் அவருடைய முகவரி ஜெமினிதான்.

ஜெமினி கதை இலாகா

பழைய ஜெமினி படங்களின் எழுத்துப் பகுதியைக் கவனித்துப் பார்த்தவர்கள் ஒன்றைக் கண்டிருப்பார்கள். கதை என்ற இடத்தில் ஒருவர் பெயர் இருக்காது. ‘ஜெமினி கதை இலாகா’ என்று இருக்கும்.

இலாகா என்றால் அரசாங்க அலுவலகம் போன்ற அமைப்பு. எழுத்தாளர்கள் மாதச் சம்பளத்துக்கு வேலை பார்த்தார்கள். ஒருவர் ஒரு கதைக் கருவைச் சொல்வார், இன்னொருவர் அதை மறுப்பார், மூன்றாமவர் ஒரு திருப்பத்தைச் சேர்ப்பார். காட்சிகள் எழுதப்படும், கிழிக்கப்படும், மறுபடி எழுதப்படும். வாசன் கேட்டு, சரி என்றால்தான் அது நிலைக்கும். கே.ஜே.மகாதேவன், சங்கு சுப்பிரமணியம், வேப்பத்தூர் கிட்டு, நைனா போன்றவர்கள் அந்த இலாகாவில் இருந்தார்கள். ஹரீந்திரநாத் சட்டோபாத்யாய, எஸ்.டி.எஸ்.யோகி போன்ற கவிஞர்களும் ஜெமினியில் சம்பளம் வாங்கியிருக்கிறார்கள்.

இந்தக் கூட்டத்தில் சுப்புவின் இடம் தனி. ஒரு காட்சி நகரவில்லை என்றால், அதை நகர்த்த நாலு வழி சொல்வார். அதுவும் பிடிக்கவில்லை என்றால் இன்னும் நாலு வழி சொல்வார். பாட்டு வேண்டும் என்றால் பாட்டு, வசனம் வேண்டும் என்றால் வசனம், நடிக்க ஆள் வரவில்லை என்றால் நடிப்பு.

1942-இல் ஜெமினி எடுத்த ‘நந்தனார்’ படத்துக்குப் பாபநாசம் சிவனும் சுப்புவும் பாடல் எழுதினார்கள். தண்டபாணி தேசிகர் நந்தனாராக நடித்த அந்தப் படம், சிதம்பரம் போகத் துடிக்கும் ஒரு பண்ணையாளின் கதை. பண்ணையில் கட்டுண்டு கிடப்பவன், அனுமதி கேட்டு ஐயர் வாசலில் நிற்கும் காட்சி, தோட்டத்தில் ‘பிரட்டு’க்கு நின்று பழகிய நம் முன்னோருக்குப் புரியாத ஒன்றல்ல.

1944-இல் ‘தாசி அபரஞ்சி’ வந்தது. புஷ்பவல்லி, எம்.கே.ராதா, சுந்தரிபாய் ஆகியோருடன் சுப்புவும் நடித்தார். எழுத்தும் அவருடையதே. விக்கிரமாதித்தன் காலத்துக் கதையை நகைச்சுவையும் நையாண்டியும் கலந்து சொன்ன அந்தப் படம் பெரிய வெற்றி பெற்றது.

அதை இயக்கிய பி.என்.ராவை மலேசிய வாசகர்கள் வேறு வகையில் அறிவார்கள். 1950-களில் சிங்கப்பூருக்கு வந்து மலாய்ப் படங்களை இயக்கியவர் அவர். 1957-இல் வெளிவந்து மலாயாவையே நடுங்க வைத்த ‘பொந்தியானாக்’ பேய்ப்படம் அவர் இயக்கியதுதான். சுப்புவோடு மதராஸில் வேலை செய்த ஒருவர், ஜொகூர் பாலத்துக்கு அந்தப் பக்கம் வந்து மலாய் சினிமாவுக்கு அடித்தளமிட்டவர்களில் ஒருவரானார்.

போரும் ரேஷன் அரிசியும்

இரண்டாம் உலகப் போரின்போது, இந்தியப் பட நிறுவனங்கள் போர் முயற்சிக்கு ஆதரவாகப் படம் எடுக்க வேண்டும் என்று ஆங்கிலேய அரசு நெருக்கியது. அந்தச் சூழலில் ஜெமினி எடுத்த படம் ‘கண்ணம்மா என் காதலி’ (1945). சுப்பு இயக்கினார். ஜப்பானியர் பர்மாவுக்குள் நுழைந்த காலத்தைப் பின்னணியாகக் கொண்ட கதை. பர்மாவிலிருந்து தமிழர்கள் கால்நடையாகவே தாய்நாட்டுக்கு ஓடிவந்த துயரம் அப்போது தமிழ்நாட்டில் ஆறாத புண்.

மதராஸில் அந்தப் படம் தயாரான நாள்களில், ஜொகூர் தோட்டங்களிலும் நிலைமை வேறு வகையில் கொடியது. சயாம் – பர்மா ரயில் பாதை போட ஜப்பானியர் ஆள் பிடித்துக்கொண்டு போனார்கள். லயத்துக்கு லயம் போனவர்களில் எத்தனையோ பேர் திரும்பவில்லை. ஒரே போர், கடலின் இரு கரையிலும் தமிழ்க் குடும்பங்களைச் சிதைத்தது.

போர் முடிந்தும் பஞ்சம் முடியவில்லை. அரிசிக்கு ரேஷன், துணிக்கு ரேஷன், கள்ளச்சந்தை. இந்த வாழ்க்கையைத் தமிழ் சினிமா அதிகம் காட்டாத காலத்தில் சுப்பு எடுத்த படம் ‘மிஸ் மாலினி’ (1947). கதை ஆங்கில எழுத்தாளர் ஆர்.கே.நாராயண். வசனமும் இயக்கமும் சுப்பு. சம்பத் என்ற இனிமையாகப் பேசி ஏமாற்றும் ஆசாமியாக அவரே நடித்தார். புஷ்பவல்லி மாலினி. ஜாவர் சீதாராமனுக்கு அதுதான் முதல் படம். ஆர்.கணேஷ் என்ற இளைஞர் அதில் சிறு வேடத்தில் தோன்றினார். பின்னாளில் அவரைத்தான் உலகம் ஜெமினி கணேசன் என்று கொண்டாடியது.

சம்பத் கொலை செய்யும் வில்லன் அல்ல. சிரித்துக்கொண்டே கடன் வாங்குவான், நம்பிக்கையூட்டும் திட்டம் போடுவான், எல்லாரையும் தெரிந்தவன் போலப் பேசுவான், கடைசியில் காணாமல் போவான். இப்படி ஓர் ஆளைச் சந்திக்காத ஊர் உண்டா? ரேஷன் கடையில் கால் கடுக்க நிற்கும் மக்களின் அவஸ்தையை ஒரு நையாண்டிப் பாட்டாக எழுதி அந்தப் படத்தில் சேர்த்தார் சுப்பு.

விமர்சகர்கள் பாராட்டினார்கள். படம் ஓடவில்லை. ராஜா ராணிக் கதைக்கும் புராணத்துக்கும் பழகிய கண்களுக்கு, தங்கள் தெருவையே திரையில் பார்ப்பது புதிதாக இருந்திருக்கலாம். அதே கதையை 1952-இல் வாசன் இந்தியில் ‘மிஸ்டர் சம்பத்’ என்று எடுத்தார். அதில் மோதிலால் சம்பத்தாக நடித்துப் பேர் வாங்கினார்.

முரசு மேல் நடனம்

‘மிஸ் மாலினி’ எடுத்துக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில் ஜெமினியின் இன்னொரு பக்கம் ‘சந்திரலேகா’ வளர்ந்துகொண்டிருந்தது. ஐந்து ஆண்டு உழைப்பு. 30 லட்சம் ரூபாய் செலவு என்று சொல்லப்பட்ட படம். அந்நாளில் இந்தியாவிலேயே அவ்வளவு பணம் கொட்டி யாரும் படம் எடுத்ததில்லை. தொடக்கத்தில் வேறொருவர் இயக்க, பிறகு வாசனே இயக்கத்தைக் கையில் எடுத்தார். 1948 ஏப்ரலில் தமிழிலும், அதே ஆண்டு டிசம்பரில் இந்தியிலும் வெளிவந்தது.

கதை இலாகாவின் கூட்டு வேலைக்கு அது நல்ல சான்று. ஆங்கில நாவல் ஒன்றில் படித்த ஒரு சிறு சம்பவம், ஒரு வீரப்பெண்ணின் கதையானது. அதில் சர்க்கஸ் சேர்ந்தது, ஜிப்ஸி நடனம் சேர்ந்தது, கடைசியில் பிரம்மாண்டமான முரசுகளின் மேல் நூற்றுக்கணக்கான பெண்கள் ஆடும் காட்சி சேர்ந்தது. சிறையிலிருந்து விடுதலையான என்.எஸ்.கிருஷ்ணனுக்கும் மதுரத்துக்கும் இடம் கொடுக்கக் கதையே விரிந்தது. சுப்பு கதைக் குழுவில் இருந்தார், பாடல்களும் எழுதினார். சுந்தரிபாய் சர்க்கஸ் பெண்ணாக நடித்தார்.

படத்தைப் பார்த்தவர்கள் முரசு நடனத்தைப் பேசினார்கள், ராஜகுமாரியின் அழகைப் பேசினார்கள், வாசனின் துணிச்சலைப் பேசினார்கள். முரசுக்குள் வீரர்களை ஒளித்து வைக்கலாம் என்று அறைக்குள் உட்கார்ந்து யோசித்தவர்களைப் பற்றி யாரும் பேசவில்லை. திரைக்கதாசிரியர் வேலையின் தலையெழுத்து அது.

ஔவைக்கு ஓர் உருவம்

சுப்புவின் பெயர் பெரிதாக நின்ற படம் ‘ஔவையார்’. பல ஆண்டுகள் உழைத்து 1953-இல் வெளிவந்தது. இயக்குநர் கொத்தமங்கலம் சுப்பு.

ஔவையார் என்ற பெயரில் தமிழில் ஒருவர் மட்டும் பாடவில்லை. அதியமானிடம் நெல்லிக்கனி பெற்ற சங்ககால ஔவை வேறு. ஆத்திசூடியும் கொன்றைவேந்தனும் தந்த ஔவை பிற்காலத்தவர். நாவல் மரத்தடியில் முருகனிடம் தோற்ற ஔவை மக்கள் வாய்மொழியில் வாழ்பவர். அறிஞர்கள் பிரித்துப் பார்க்கும் இந்த ஔவைகளை மக்கள் ஒருபோதும் பிரித்ததில்லை. சுப்பு மக்கள் பக்கம் நின்றார். எல்லாக் கதைகளையும் கோத்து ஒரே வாழ்க்கையாக்கினார். பாரி மகளிர் வருகிறார்கள், பிள்ளையார் வருகிறார், யானைக் கூட்டம் வந்து கோட்டையை இடிக்கிறது.

ஔவையாக நடிக்க கே.பி.சுந்தராம்பாளை அழைத்து வந்தார்கள். கணவர் எஸ்.ஜி.கிட்டப்பா 1933-இல் மறைந்தபின் வெள்ளைச் சேலைக்கு மாறியவர். அதற்கு முன் ‘நந்தனார்’ (1935), ‘மணிமேகலை’ (1940) என்று இரண்டே படங்கள். மூன்றாவது படத்தில் அவர் கோலூன்றி, திருநீறு பூசி நடந்து வந்தபோது, தமிழர்களுக்கு ஔவையின் முகம் அவருடைய முகமாகவே ஆகிவிட்டது. இன்று எந்தத் தமிழ்ப்பள்ளி விழாவிலாவது ஒரு சிறுமிக்கு ஔவை வேடம் போட்டால், அந்த வெள்ளைச் சேலையும் கோலும் அந்தப் படத்தின் சாயலில்தான் வருகின்றன.

காதல் ஜோடி இல்லை, சண்டை வில்லன் இல்லை. ஒரு கிழவி ஊர் ஊராகப் போகிறாள், பாடுகிறாள், அரசர்களுக்குப் புத்தி சொல்கிறாள். இதை வைத்து ஒரு வெற்றிப் படம் எடுக்க முடியும் என்று நம்புவதற்குத் தமிழ் மக்களை நன்றாகத் தெரிந்திருக்க வேண்டும். சுப்புவுக்குத் தெரிந்திருந்தது. ஆனால், அதன் பிறகு அவர் இயக்குநராகத் தொடரவில்லை. எழுத்து மேசைக்கே திரும்பிப் போனார்.

முதலாளியின் வலது கை

ஜெமினியில் சுப்புவுக்கு எதிரிகள் இருந்தார்கள். இதை மறைத்துவிட்டு அவர் வாழ்க்கையைச் சொல்ல முடியாது.

எழுத்தாளர் அசோகமித்திரன் 1952 முதல் பதினான்கு ஆண்டுகள் ஜெமினியில் வேலை பார்த்தவர். பத்திரிகைச் செய்திகளை வெட்டி ஒட்டிக் கோப்பில் சேர்ப்பது அவர் பணி. ஓரமாக உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்த அவர், பின்னர் அந்த ஆண்டுகளைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதினார். அதில் சுப்புவைப் பற்றிய சித்திரம் நேர்மையானது. வாசனுக்கு அடுத்த நிலையில் சுப்பு இருந்தார் என்றும், முதலாளியோடு எப்போதும் ஒட்டியே இருந்ததால் மற்றவர்கள் அவரை வெறுத்தார்கள் என்றும் அவர் பதிவு செய்கிறார். அதே கையோடு, சுப்பு நல்ல கவிஞர், அபாரமான நடிகர், யாரைப் பற்றியும் கெட்டதாகப் பேசாதவர், உறவினருக்கும் தெரிந்தவருக்கும் வீட்டுக் கதவைத் திறந்தே வைத்திருந்தவர் என்றும் சொல்கிறார். கவிஞர் என்ற பெருமையை சினிமாப் புகழ் மறைத்துவிட்டது என்பது அவர் கணிப்பு.

தோட்டத்தில் வாழ்ந்தவர்களுக்கு இந்த நிலைமை பழக்கமானது. துரைக்கும் தொழிலாளிக்கும் நடுவில் நிற்கும் கிராணியை யாருக்கும் பிடிக்காது. அவர் நல்லவராக இருந்தாலும், துரையின் ஆள் என்ற பெயர் ஒட்டிக்கொள்ளும். சுப்புவின் நிலையும் ஏறத்தாழ அதுதான். அவருடைய விசுவாசம் பிழைப்புக்கான தந்திரம் என்று சிலர் நினைத்தார்கள். எட்டாம் வகுப்பு படித்த கணக்குப்பிள்ளையை நம்பி, படமே இயக்கக் கொடுத்த ஒரு மனிதரிடம் அவர் காட்டிய நன்றி என்றும் அதைப் பார்க்கலாம்.

நன்றிக்கு விலை இருந்தது. கண்ணதாசன், மருதகாசி, பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் போன்றவர்கள் பல நிறுவனங்களுக்கும் எழுதினார்கள். நாலா பக்கமும் அவர்கள் பாட்டு ஒலித்தது. சுப்புவின் பாட்டு பெரும்பாலும் ஜெமினி எல்லைக்குள்ளேயே ஒலித்தது. ஜெமினி ஆண்டுக்கு ஓரிரு படம்தான் எடுக்கும். அதனால் அவர் எழுதிய பாடல் எண்ணிக்கையும் குறைவு, நினைவில் நிற்கும் வாய்ப்பும் குறைவு.

ஆனாலும் நின்றவை உண்டு. ‘வஞ்சிக்கோட்டை வாலிபன்’ (1958) படத்தில் பத்மினியும் வைஜயந்திமாலாவும் எதிரெதிரே ஆடும் போட்டி நடனத்தை யாரால் மறக்க முடியும்? பி.லீலாவும் ஜிக்கியும் பாடிய அந்தப் பாட்டின் வரிகள் சுப்புவுடையவை. நடுவில் பி.எஸ்.வீரப்பா உதிர்க்கும் மூன்று சொல் வசனம், நம் ஊர் காப்பிக்கடைப் பேச்சிலும் இன்றுவரை புழங்குகிறது.

1960-இல் வந்த ‘இரும்புத்திரை’க்கும் வசனம் அவர்தான். சிவாஜி மில் தொழிலாளியாக நடித்த படம் அது. முதலாளிக்கும் தொழிலாளிக்கும் நடுவே விழுந்த திரையைப் பற்றிய கதையை, முதலாளியின் ஆள் என்று பேர் வாங்கியவரே எழுதினார். அந்த வசனங்களில் தொழிலாளியின் குரல் சற்றும் தாழவில்லை.

வில்லும் எழுதுகோலும்

படக் கம்பெனிக்கு வெளியே அவருக்கு இரண்டு வாசல்கள் இருந்தன. ஒன்று வில்லுப்பாட்டு. நெல்லை, நாஞ்சில் நாட்டுக் கோயில் கொடைகளுக்கு உரிய கலை அது. தஞ்சைப் பக்கம் பிறந்த சுப்பு அதைக் கையில் எடுத்து, ‘காந்தி மகான் கதை’யைப் பாட்டாக எழுதி மேடை மேடையாகப் பாடினார். காந்தியைப் படித்தவர்களின் புத்தகத்திலிருந்து எடுத்து, எழுத்தறியாத விவசாயியின் மொழியில் அவர் சொன்னார். கூட்டம் அலையலையாக வந்தது.

இன்னொரு வாசல் ஆனந்த விகடன். அதுவும் வாசனுடையதுதான். ஆனால், அங்கே கதை இலாகா கிடையாது. நாலு பேர் கூடி வெட்டி ஒட்டும் வேலை கிடையாது. ஒருவரே எழுதலாம், அவர் நினைத்தபடி எழுதலாம். 1950-களின் பிற்பகுதியில் அங்கே ‘கலைமணி’ பிறந்தார். ஓவியர் கோபுலுவின் படங்களோடு ‘தில்லானா மோகனாம்பாள்’ தொடராக வந்தது.

செட்டிநாட்டிலும் தஞ்சையிலும் இளமையில் அவர் பார்த்த உலகம் முழுதும் அதில் இறங்கியது. கோயில் திருவிழாக்கள், மேளக்காரர்களின் ரோஷம், ஆடும் பெண்களைப் பணத்தால் மடக்க நினைக்கும் மிராசுதார்கள், அதற்குத் தூது போகும் வைத்திகள், மகளை வைத்துப் பிழைக்க நினைக்கும் தாய், அதை மறுத்து நிமிர்ந்து நிற்கும் மகள். கலைஞனுக்கு மானம் பெரிதா, சோறு பெரிதா என்ற கேள்விதான் அந்த நாவலின் முதுகெலும்பு. சண்முகசுந்தரம் யார் முன்னும் தலை குனியமாட்டான். முப்பது ஆண்டு ஒரு முதலாளியின் கீழ் வேலை பார்த்த மனிதர், யாருக்கும் வளையாத ஒரு கலைஞனைப் படைத்தார். அதற்கு வேறு பெயர் ஒன்றும் சூட்டிக்கொண்டார்.

பத்து ஆண்டு கழித்து ஏ.பி.நாகராஜன் அதைப் படமாக்க வந்தார். கதையின் உரிமை வாசனிடம் இருந்தது. வாசன் உரிமையைக் கொடுத்தார். அதற்குப் பெற்ற தொகையைத் தாம் வைத்துக்கொள்ளாமல் சுப்புவிடமே சேர்த்துவிட்டார் என்றும், எழுத்தாளருக்குத் தனியாகப் பணம் கொடுக்கப் போன நாகராஜனுக்கு அங்கே போன பிறகுதான் இது தெரிந்தது என்றும் திரையுலகில் ஒரு செய்தி நெடுங்காலமாகச் சொல்லப்படுகிறது. அது உண்மையானால், அந்த விசுவாசம் ஒருவழிப் பாதையாக இருக்கவில்லை.

1968 ஜூலையில் படம் வந்தது. எம்.பி.என்.சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள் நாதஸ்வரம் வாசித்தார்கள். கே.வி.மகாதேவன் இசை. பக்கம் பக்கமாக நீண்ட நாவலை நாகராஜன் மூன்று மணி நேரத்துக்குள் அடக்கினார். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது கிடைத்தது. தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்திலும், பட்டணத்துக் கொட்டகைகளிலும் இந்தப் படத்துக்குக் கூட்டம் குறைந்ததில்லை. கோயில் திருவிழாவில் நாதஸ்வரக்காரர் முன்னால் உட்கார்ந்து, படத்தில் வந்த உருப்படியை வாசிக்கச் சொல்லிக் கேட்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

அவருடைய இன்னொரு நாவலான ‘ராவ் பகதூர் சிங்காரம்’, சிவாஜியும் பத்மினியும் நடித்த ‘விளையாட்டுப் பிள்ளை’ (1970) படமானது. ‘பந்தநல்லூர் பாமா’, ‘பொன்னி வனத்துப் பூங்குயில்’ போன்ற கதைகளும் வாசகர்களைக் கட்டிப்போட்டன.

பெயர் சேர்ந்த இடம்

1960-களில் ஜெமினியின் பழைய வேகம் குறைந்தது. கதை இலாகா மூடப்பட்டது. மாதச் சம்பளத்துக்கு எழுத்தாளர்களை வைத்துப் படம் எடுக்கும் முறையே தமிழ் சினிமாவில் அருகிப் போனது. 1969 ஆகஸ்டில் வாசன் மறைந்தார். 1971-இல் இந்திய அரசு சுப்புவுக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கியது. 1974 பிப்ரவரி 15-ஆம் தேதி, 63-ஆவது வயதில் அவர் காலமானார்.

அவர் வேலை செய்த ஜெமினி வளாகம் இன்று இல்லை. அதன் பெயர் சென்னையில் ஒரு மேம்பாலத்துக்கு மிஞ்சியிருக்கிறது. ரெங்கத்திலும் குளுவாங்கிலும் சிகாமாட்டிலும் படம் காட்டிய திடல்கள் பலவும் செம்பனைக் காடாகவும் வீடமைப்புப் பகுதியாகவும் மாறிவிட்டன. லயத்திலிருந்து தாமானுக்குக் குடிபெயர்ந்தவர்கள், கதையை மட்டும் உடன் எடுத்துக்கொண்டு வந்தார்கள்.

கூட்டத்தில் ஒருவராக உழைத்த நாளில் அவர் பெயர் ‘இலாகா’வுக்குள் கரைந்தது. தனியாக எழுதிய நாளில் ‘கலைமணி’க்குள் மறைந்தது. இரண்டு பெயர்களுக்குப் பின்னாலும் இருந்தவர், எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டு வந்து, பேரேட்டில் வரவு செலவு எழுதிய ஓர் இளைஞர்.

அடுத்த முறை ‘தில்லானா மோகனாம்பாள்’ ஓடும்போது, தொடக்கத்தில் பெயர்கள் வரும் நேரத்தில் அடுப்படிக்குப் போகாமல் சற்று உட்கார்ந்து பார்க்கலாம். கதை என்ற இடத்தில் கொத்தமங்கலம் சுப்பு என்று வரும். பக்கத்தில் இருக்கும் பிள்ளைகளிடம் அவர் யார் என்று சொல்ல அந்த ஒரு நிமிடம் போதும்.